கோபம் வந்தால் என்ன செய்வார்

எழுபதுகளின் நடுவில் ஒரு டிசம்பரில் பெரியம்மாவிடமிருந்து இன்லண்டு கடிதம் வந்தது. அவள் மகளுக்கு, எனக்குத் தங்கை முறை, டெல்லியில் ஒரு வரன் வந்திருந்தது. மத்திய அரசு உத்தியோகம், ஆர்.கே.புரத்தில் குவார்ட்டர்ஸ். "நீ அந்த ஊரிலேயே பத்திரிகையில் இருக்கிறாய். விசாரிப்பதுதானே உன் தொழில். பையன் எப்படி என்று உடனே எழுது."

கடிதத்தை ஒட்டும் ஓரத்தில் தங்கையின் பொடி எழுத்து. "அண்ணா, நல்லவரா என்று யாரையும் கேட்காதே. ஆமாம் என்றுதான் சொல்வார்கள். கோபம் வந்தால் என்ன செய்வார் என்று பார்த்து எழுது. அதை வைத்துத்தான் நான் சரி சொல்வேன்."

அவள் ஏன் அப்படிக் கேட்டாள் என்று எனக்குத் தெரியும். பெரியப்பாவைப் பற்றி ஊரில் யாரை விசாரித்தாலும் தங்கமான மனுஷன் என்பார்கள். வீட்டில் சாம்பாரில் உப்பு கூடினால் தட்டு சுவரில் போய் விழும். அந்தச் சுவரைத் துடைத்து வளர்ந்தவள் அவள்.

இருந்தாலும் பழக்கதோஷம், முதலில் விசாரித்தேன். டெல்லிப் பையனின் மாடிவீட்டு மாமி, "பரம சாது சார், இருக்கற இடமே தெரியாது" என்றாள். அவரோடு வேலை பார்த்த திருநெல்வேலிக்காரர் ஒருவர் எனக்குப் பழக்கம். அவர் உதட்டைப் பிதுக்கினார்.

"திமிரு புடிச்ச ஆளுல்லா. சங்கத்து நாடகத்துல போலீஸ் வேஷத்துக்குக் கூப்பிட்டோம். நடிக்க வராதுன்னுட்டான்."

"நிஜமாவே வராதோ என்னவோ?"

"வராதுதான். அதுக்காக மூஞ்சிக்கு நேரயா சொல்லுவாங்க?"

எங்கள் செய்தி ஆசிரியர் இரண்டையும் சிவப்பு மையால் அடித்திருப்பார். இரண்டும் அபிப்பிராயம், பார்த்தது எதுவும் இல்லை. மாமி சொன்னதில் உபயோகமானது ஒன்றுதான்: "காலம்பற பால் பூத்துக்கு வருவார். மெரூன் மஃப்ளர்."

அப்போது பால் கண்ணாடி பாட்டிலில் வரும். காலி பாட்டிலைக் கொடுத்தால்தான் நிறைந்த பாட்டில் கிடைக்கும். குளிரில் யார் நிற்பது? பூத்தின் முன்னால் காலி பாட்டில்களை வரிசையாகத் தரையில் வைத்துவிட்டு ஆட்கள் சற்றுத் தள்ளிக் குளிர் காய்வார்கள். வரிசை நகரும்போது அவரவர் பாட்டிலை அவரவர் நகர்த்த வேண்டும். ஆள் இல்லாத பாட்டில் நின்ற இடத்திலேயே நிற்கும். பின்னால் வந்தவர்கள் அதைத் தாண்டிப் போய்விடுவார்கள்.

எதிரில் டீக்கடையில் உட்கார்ந்து மூன்று நாள் பார்த்தேன். முதல் இரண்டு நாளும் மெரூன் மஃப்ளர்காரர் செய்தது ஒன்றே. தன் இரண்டு பாட்டில்களை நகர்த்தும்போது, முன்னால் ஆள் இல்லாமல் நின்ற ஒரு பாட்டிலையும் குனிந்து நகர்த்தினார். அதன் சொந்தக்காரி, கைக்குழந்தைக்காரி, குழந்தை அழுகிறது என்று அடிக்கடி வீட்டுக்கு ஓடுவாள். திரும்பி வந்து தன் இடத்தில் தன் பாட்டிலை எடுத்துக்கொள்வாள். யார் நகர்த்தியது என்று அவள் கேட்டதாகத் தெரியவில்லை. நல்ல விஷயம்தான். ஆனால் தங்கை கேட்டது அது இல்லை.

மூன்றாம் நாள் டீக்கடைக்காரர், நான் பஸ்ஸுக்குக் காத்திருக்கிறேன் என்று நினைத்தோ என்னவோ, "பாபுஜி, பஸ் அந்தப் பக்கம் நிற்கும்" என்று சிரித்தார். அதே நேரம் எதிரில் கண்ணாடி உடையும் சத்தம். சால்வை போர்த்திய ஒருவர் தாமதமாக வந்து, அந்தப் பெண்ணின் பாட்டிலைக் காலால் ஒதுக்கித் தன் பாட்டிலை வைத்திருந்தார். ஒதுங்கியது உருண்டு உடைந்தது.

மஃப்ளர்காரர் கத்தினார். ஹிந்தியில் பாதி, கோபத்தில் தமிழில் பாதி. "மதராஸி, உன் பாட்டிலா அது?" என்று சால்வைக்காரர் மார்பில் கைவைத்துத் தள்ளினார். இவர் கையை ஓங்கினார். நான் டீயைக் கீழே வைத்தேன்.

ஓங்கிய கை கொஞ்ச நேரம் அப்படியே நின்றது. பிறகு இறங்கியது. தன் பாட்டில்களில் ஒன்றை அந்தப் பெண்ணின் இடத்தில் வைத்தார். "இது அவங்க இடம்" என்றார் ஹிந்தியில். குரல் இறங்கியிருந்தது. உட்கார்ந்து கண்ணாடித் துண்டுகளைப் பொறுக்கிக் காகிதத்தில் சுற்றினார். அன்று அவர் ஒரு பாட்டில் பாலோடு வீட்டுக்குப் போனார்.

அன்று மாலையே எழுதினேன். கத்தினார் என்பதை எழுதினேன். கை ஓங்கியதையும் எழுதினேன். நல்லவர் என்ற சொல்லைப் போடவில்லை. பெரியம்மாவுக்கு என்மேல் வருத்தம், கை ஓங்கியதையெல்லாமா எழுதுவது என்று. தங்கை சரி என்றாள்.

எண்பதுகளின் தொடக்கத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வீட்டுக்குப் போயிருந்தேன். அவர் அடுப்படியில் இருந்தார். அவள் சொன்னாள்: "அண்ணா, கோபம் வந்தா ரெண்டு நாள் வாயே திறக்கமாட்டார். குழம்பு போதும்னுகூடக் கையாலதான் காட்டுவார். அதை நீ எழுதவே இல்லையே?"

"மூணு நாள்தானே பார்த்தேன், அதுவும் தெருவுல. இன்னிக்கு எத்தனாவது நாள்?"

"ரெண்டாவது."

அவர் காபியோடு வந்தார். என்னைப் பார்த்துச் சிரித்தார். டம்ளரை அவள் முன்னால் வைக்கும்போது மட்டும் முகம் வேறு பக்கம் திரும்பியிருந்தது. அவள் ஒரு வாய் குடித்துவிட்டு, "சர்க்கரை பத்தலை" என்றாள், சுவரைப் பார்த்து, சத்தமாகவே.

அவர் பேசாமல் போய் சர்க்கரை டப்பாவை எடுத்துவந்தார்.