சம்பந்தி பந்தியில் அப்பாவின் இலை

1. அக்காவுக்குக் கல்யாணம் முடிவானது. மாப்பிள்ளை வீடு கெங்குவார்பட்டி. விவசாயக் குடும்பம்.

2. எங்கள் ஊர் உத்தமபாளையத்திலேயே கம்பம் ரோட்டில் மண்டபம் பிடித்தோம். சாப்பாட்டுக் கூடம் படியில்லாமல் தரைத்தளத்தில் இருந்ததால் அந்த மண்டபம்தான் வேண்டும் என்று நான் அடம்பிடித்தேன்.

3. வருகிற விருந்தாளிகளில் உட்காரவோ எழவோ சாப்பிடவோ சிரமப்படுகிறவர்கள் யார் யார் என்று பட்டியல் எடுத்தேன். இருபத்து மூன்று பேர்.

4. இருபத்து மூன்று பேருக்கும் இடம் குறித்து, அளவோடு வரைபடம் போட்டேன்.

5. கல்யாணத்துக்கு ஒன்பது நாள் இருக்கும்போது சமையல் மாஸ்டர் வீட்டுக்கு வந்து ஒரு கேள்வி கேட்டார்.

6. அந்தப் பட்டியலில் அப்பா இல்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

நான் தேனியில் கட்டட வரைபடம் போடும் அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன். சிவில் படித்தவள். சாய்தளம், கைப்பிடிக் கம்பி, சக்கர நாற்காலி திரும்புவதற்கான இடம் எல்லாம் எனக்குத் தினப்படி வேலை. கணினித் திரையில் போடுவதோடு சரி. அதையெல்லாம் யாராவது பயன்படுத்தி நான் கண்டதில்லை. அதனால் அக்கா கல்யாணத்தில் அந்தப் பொறுப்பை நானாகவே கேட்டு வாங்கிக்கொண்டேன்.

ஒவ்வொருவருக்கும் போன் போட்டு, உட்கார எது வசதி என்று கேட்டேன். ஒரு பெரியப்பாவுக்குச் சக்கர நாற்காலி. மூட்டு மாற்று அறுவை செய்துகொண்ட இரண்டு பேருக்குக் கைப்பிடி இல்லாத நாற்காலியிலிருந்து எழ முடியாது. காது கேட்காத பக்கத்து வீட்டு அக்காவுக்கு ஒலிபெருக்கி அருகில் வேண்டாம், ஆனால் பேசுகிறவர் முகம் தெரிய வேண்டும். அப்பாவின் வியாபாரக் கூட்டாளி ஒருவர், நாங்கள் மாமா என்று கூப்பிடும் முஸ்லிம் பெரியவர், பார்வை போனவர். இலையில் எது எங்கே இருக்கிறது என்று சொல்ல அவர் பக்கத்தில் ஓர் ஆள் வேண்டும். இப்படியே போனது. எங்கள் சின்னத்தை மட்டும் கோபித்துக்கொண்டார்.

"ஏத்தா, என்னையக் கெழவி லிஸ்ட்டுல சேத்துட்டியாக்கும்?"

"இல்ல சின்னத்தை. மூட்டுவலி லிஸ்ட்டு."

"அப்பச் சரி. எனக்குச் சாஞ்சுக்கிற மாதிரி நாக்காலி. ஃபேனுக்குக் கீழ."

பந்தியில்தான் பெரிய சிக்கல். எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் சாப்பிடுகிறவர் நாற்காலிக்குப் பின்னாலேயே அடுத்த பந்திக்காரர் வந்து நின்றுகொள்வார். இவர் எழ, அவர் உட்காருவார். நிற்க முடியாதவருக்கு நாற்காலி கிடைக்காது. அதற்காக நான் ஒவ்வொரு வரிசையிலும் ஓரத்து நாற்காலியை எடுத்துவிட்டுக் கைப்பிடி நாற்காலி போடச் சொன்னேன். சில ஓரங்களைச் சக்கர நாற்காலிக்காக வெறுமனே விட்டேன். இவர்களை மட்டும் தனி வரிசையில் உட்கார வைப்பதில்லை என்பதில் உறுதியாக இருந்தேன். அவரவர் சொந்தக்காரர்களோடு உட்கார்ந்து சாப்பிட வேண்டும். வரைபடம் நன்றாகவே வந்திருந்தது. அலுவலகத்தில்கூட அவ்வளவு சுத்தமாக ஒன்று போட்டதில்லை.

மாஸ்டர் வந்த அன்று அப்பா முன்னறையில் உட்கார்ந்திருந்தார். அப்பாவுக்குத் தேங்காய் மொத்த வியாபாரம். இரண்டு வருடத்துக்கு முன் பக்கவாதம் வந்தது. பேச்சு திரும்பிவிட்டது. நடை முக்கால்வாசி திரும்பிவிட்டது. வலது கை திரும்பவில்லை. கடையைப் போனிலேயே நடத்திக்கொண்டிருந்தார். வருகிறவர்கள் எல்லாம் "நல்லா ஆயிட்டீகளே" என்றுதான் சொன்னார்கள். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

மாஸ்டர் நோட்டைப் பிரித்தார். "ஐயா, சம்மந்தி பந்திக்கு எத்தன எல? நீங்க எங்கன உக்காருறீக?"

"எனக்கு எதுக்கு எல? கல்யாண வீட்டுக்காரன் எல்லாரும் சாப்புட்டப்பறந்தான சாப்புடுவான்."

"மத்த பந்திக்கெல்லாம் சரிங்கய்யா. சம்மந்தி பந்தியில நீங்க பக்கத்துல உக்காராம அவுக எப்படிக் கை நனைப்பாக?"

தாலி கட்டி முடிந்ததும் இரண்டு வீட்டு அப்பாக்களும் பக்கத்துப் பக்கத்து இலையில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும். பெண் வீட்டுக்காரர் உட்காராவிட்டால் மாப்பிள்ளை வீட்டார் இலையைத் தொடமாட்டார்கள். இது அப்பாவுக்குத் தெரியாததல்ல. ஆனாலும் எழுந்து உள்ளே போய்விட்டார்.

நான் அடுக்களைக்குப் போனேன். அம்மா அடுப்பைத் துடைத்துக்கொண்டே, திரும்பாமல் கேட்டார்.

"ரெண்டு வருசமா அவுக ஒனக்கு முன்னாடி சாப்புட்டுப் பாத்துருக்கியா?"

நான் யோசித்தேன். காலையில் நான் ஏழரை பஸ்ஸைப் பிடித்துவிடுவேன். மத்தியானம் டிபன் பாக்ஸ். சாயங்காலம் வந்தால் அப்பா சாப்பிட்டாயிற்று என்பார்கள். ஞாயிற்றுக்கிழமை எங்களுக்குப் போட்டுவிட்டு அம்மா கடைசியாக உட்காரும்போது, அப்பாவும் அடுக்களைக்குள் போய்விடுவார். அம்மாவுக்குத் துணையாகச் சாப்பிடுகிறார் என்றுதான் நானும் அக்காவும் பேசிக்கொள்வோம், கொஞ்சம் பெருமையாகக்கூட.

"எடது கையில ஸ்பூன வச்சுத்தான் சாப்புடுறாக. பாதி சிந்துது. நான் கதவச் சாத்திக்கிருவேன்" என்றார் அம்மா. "நாலு பேருக்கு முன்னாடி எடது கையால சோறு திங்குறத நெனச்சா அவுகளுக்கு ஒடம்பே கூசிப் போகுது. அன்னைக்கு வெரதம்னு சொல்லிரப் போறாகளாம்."

"அக்கா கல்யாணத்தன்னைக்கா?"

"அதத்தான் நானும் கேட்டேன். மக கல்யாணத்துல எவன் பட்டினி கெடப்பான்? சம்மந்தி வீட்டுல என்ன நெனப்பாக?"

என் பட்டியல் விருந்தாளிகளுக்கானது. அப்பா விருந்தாளி இல்லை. அதனால் அவரை விட்டுவிட்டேன். இவ்வளவுதான் நடந்தது. வேறு யாரும் செய்திருந்தால் நானே அந்தத் தவறைச் சுட்டிக்காட்டியிருப்பேன்.

மறுநாள் அப்பா வெளியே போயிருந்த நேரத்தில் சாப்பாட்டு மேசையில் இலை போட்டு, இடது கையால் சாப்பிட்டுப் பார்த்தேன். மூன்று விஷயங்கள் தெரிந்தன. இடது முழங்கை பக்கவாட்டில் ஓர் அடிக்கு மேல் போகிறது. பக்கத்தில் ஆள் இருந்தால் அவருடைய வலது கையை இடிக்கும். இன்னொரு கை பிடிக்காததால் ஸ்பூனோடு இலையும் சேர்ந்து நகர்கிறது. சோறுகூடப் பரவாயில்லை, ரசம் வந்ததும் எல்லாம் ஓடுகிறது.

இடது கைக்காரருக்கு வசதியாக இருக்குமென்று இலையைத் திருப்பி, நுனி வலப்பக்கம் வருமாறு போட்டேன். அம்மா பார்த்துவிட்டார்.

"ஏ கூறுகெட்டவளே! எடுடி அத! கல்யாண வீட்டுல எழவு வீட்டு எலையாப் போடுற?"

எடுத்துவிட்டேன்.

மாஸ்டரிடம் தனியாகப் பேசினேன். சம்பந்தி பந்தி வரிசையின் இடது ஓரத்துக் கைப்பிடி நாற்காலி அப்பாவுக்கு. அந்தப் பக்கம் நடைபாதை, யாரையும் இடிக்காது. எல்லாப் பந்தியிலும் எல்லா இலைக்கும் ஒரு ஸ்பூன்.

"எல்லா எலைக்குமா? கல்யாண வீடாம்மா, கேன்டீனா?"

"ஒருத்தருக்கு மட்டும் வச்சாத்தான் எல்லாரும் பாப்பாக."

அவர் நோட்டில் ஸ்பூன் கணக்கைக் குறித்துக்கொண்டார். பிறகு தானாகவே சொன்னார்: "ரசத்த எலையில விட வேணாம். எல்லாருக்கும் டம்ளர்ல குடுத்துருவோம். சோத்தையும் கொஞ்சங் கொஞ்சமா நாலு தரம் கொண்டு வரச் சொல்றேன். எலைக்கு அடியில தண்ணி தெளிச்சு ஒட்டுனாப்புல போட்டுட்டா நகராது." எனக்கு இருந்த மூன்று கேள்விகளுக்கும் இப்படியாக விடை வந்துவிட்டது. அவர் இருபது வருடமாகப் பந்தி பார்க்கிறவர். சிந்துகிறவர்களை நிறையப் பார்த்திருப்பார்.

சாயங்காலம் வரைபடத்தை அப்பாவிடம் காட்டினேன். விரலால் தடவிக்கொண்டே பார்த்தார். இடது ஓரத்தில் விரல் நின்றது.

"இங்கனயா?"

"ஆமாப்பா."

"பாப்போம் ஆத்தா" என்றார். கல்யாணம் வரைக்கும் அந்த 'பாப்போம்' எந்தப் பக்கம் சாயும் என்று எனக்குத் தெரியவில்லை.

கல்யாணத்தன்று மற்றவை ஏறக்குறைய ஒழுங்காக நடந்தன. பெரியப்பாவின் சக்கர நாற்காலி வரிசைக்குள் போய் நின்றது. ஒரு கைப்பிடி நாற்காலியை வீடியோக்காரர் பைகளுக்கு எடுத்துக்கொண்டார், மீட்டுக்கொண்டு வந்தேன். பார்வையில்லாத மாமாவுக்கு இலையை விவரிக்க நானே போய் நின்றேன். "வலது மேல முட்டக்கோஸ் பொரியல் மாமா, அதுக்குப் பக்கத்துல..." என்று தொடங்கியதும் அவர் கையமர்த்தினார். "வாசன வருதும்மா. அப்பளம் எங்கன இருக்குன்னு மட்டும் சொல்லு. அதுலதான் மெதிச்ச மாதிரி கைய வச்சிருவேன்."

தாலி கட்டி முடிந்தது. சம்பந்தி பந்திக்கு இலை விழுந்தது. மாப்பிள்ளையின் அப்பா, வாட்டசாட்டமான மனிதர், தன் ஆட்களோடு உள்ளே வந்தார். அவருடைய தம்பி வரிசையை ஒரு நோட்டம் விட்டார். எல்லாம் சாதாரண நாற்காலி. இடது ஓரத்தில் மட்டும் கைப்பிடி வைத்த நாற்காலி. "அண்ணே, ஒங்களுக்குத்தான் போட்டுருக்காக. உக்காருங்க" என்று அவரை அதில் உட்கார வைத்துவிட்டார்.

வசதிக்காக நான் போட்டது மரியாதை நாற்காலி ஆகிவிட்டது. வரிசையில் ஒரே ஒரு நாற்காலி வேறு மாதிரி இருந்தால் எங்கள் ஊரில் அதை எப்படிப் பார்ப்பார்கள் என்று எனக்குத் தோன்றியிருக்க வேண்டும். உட்கார்ந்த சம்பந்தியை யாரும் எழுப்ப முடியாது. அவருக்கு வலப்பக்கத்து இலை காலியாக இருந்தது. அங்கே அப்பா உட்கார்ந்தால், சம்பந்தி ஒவ்வொரு வாய் எடுக்கும்போதும் இரண்டு பேர் கையும் மோதிக்கொள்ளும்.

அப்பா கூடத்து வாசலில் நின்றிருந்தார். அந்த நாற்காலியைப் பார்த்துவிட்டார் என்று முகத்தில் தெரிந்தது. விரதம் என்ற சொல் வரப்போகிறது என்று நினைத்தேன். தூணோரம் அம்மா முந்தானையைப் பிடித்துக்கொண்டு நின்றார். நான் எதையாவது சொல்லிச் சமாளிக்க இரண்டு எட்டு வைத்தேன். எனக்கு முன்னால் அப்பா நடந்து போய், சம்பந்தியின் நாற்காலி அருகே நின்றார்.

"சம்மந்தி, ஒரு ஒதவி. எனக்குச் சாப்பாடு எடது கையிலதான். வலது கை ஓடல. அந்தப் பக்கம் நான் உக்காந்தா ஒங்களுக்கு எடஞ்சலில்லாம இருக்கும்."

சத்தமாகவே சொன்னார். எதிர் வரிசைக்கும் கேட்டிருக்கும்.

சம்பந்தி அவரை நிமிர்ந்து பார்த்தார். "இம்புட்டுத்தானா? அத மொதல்லயே சொல்லக் கூடாதா சம்மந்தி" என்று எழப் பார்த்தார். எழ முடியவில்லை. கைப்பிடிகளுக்கு நடுவில் இறுகி உட்கார்ந்திருந்தார். தம்பிக்காரர் நாற்காலியை அழுத்திப் பிடிக்க, மனிதர் ஒரு மூச்சில் வெளியே வந்தார்.

"ஏலே, எவன்டா என்னைய இதுக்குள்ள திணிச்சது? ரெண்டு நிமிசம் இருந்திருந்தா நாக்காலியோடதான் ஊருக்குப் போயிருக்கணும்."

வரிசையே சிரித்தது. அப்பாவும் சிரித்தார். உட்கார்ந்தார்.

பக்கத்து நாற்காலிக்கு மாறிய சம்பந்தி, இலையில் தண்ணீர் தெளித்துத் துடைத்தார். தன் இலைக்குப் பிறகு, கேட்காமலேயே அப்பாவின் இலையையும் துடைத்துவிட்டார். அப்பா ஸ்பூனை எடுத்துக் கேசரியில் தொடங்கினார். சோறு கொஞ்சம் சிந்தியது. சம்பந்தியின் சட்டையிலும் சாம்பார் தெறித்திருந்தது, அவருக்கு அதைப் பற்றிக் கவலை இல்லை. இருவரும் தேங்காய் விலையைப் பேசிக்கொண்டே சாப்பிட்டார்கள். நான் ஐந்தாறு அடி தள்ளி நின்று, பரிமாறுகிறவர்களை மேற்பார்வை பார்ப்பது போல் பாவனை செய்துகொண்டிருந்தேன். அப்போதுதான் தோள்கள் வலிப்பது தெரிந்தது. காலையிலிருந்து அவற்றைத் தூக்கிப் பிடித்தபடியே இருந்திருக்கிறேன்.

அம்மா என் பக்கத்தில் வந்து காதோடு சொன்னார்: "ரெண்டாந்தரம் பாயாசம் கேட்டு வாங்குறாக."

"பாத்தேன்மா."

"மொதத் தரம் பத்தல போல" என்று சொல்லிவிட்டு, மூக்கை உறிஞ்சிக்கொண்டே தாம்பூலப் பைகளை எண்ணப் போய்விட்டார்.

கல்யாணம் முடிந்து எட்டு மாதம் ஆகிறது. அப்பாவின் வலது கையில் பெரிய முன்னேற்றம் இல்லை. காலி டம்ளரைப் பிடிக்கிறார், தண்ணீர் இருந்தால் நழுவுகிறது. பயிற்சி தொடர்கிறது. சாப்பாடு இடது கையில்தான். ராத்திரிச் சாப்பாட்டுக்கு நாங்கள் மூன்று பேரும் முன்னறையில் ஒன்றாக உட்காருகிறோம்.