ஞானஜோதி கேட்காத விடுப்பு

மறைமலை நகரில் கார் உதிரிபாகம் செய்யும் தொழிற்சாலை ஒன்றின் கேன்டீனில் ஞானஜோதி சமையல்காரி. மாடம்பாக்கத்திலிருந்து விடியுமுன் பஸ் பிடித்து, தாம்பரத்தில் ரயிலேறி, ஆறரைக்குள் பெரிய அடுப்பைப் பற்றவைத்துவிடுவாள். நானூறு பேருக்குச் சாம்பார். உப்பைக் கையால் அள்ளித்தான் போடுவாள். ஒரு நாளும் கூடியதில்லை, குறைந்ததில்லை. தட்டு கழுவ வந்தவள் அந்த அடுப்புக்கு வந்து சேர நாலு வருடம் பிடித்தது. 'என் அடுப்பு' என்றுதான் வீட்டில் சொல்வாள். "உன் அடுப்புன்னா இட்டுகினு வந்துடு, நம்ம வூட்லயும் நல்ல சாம்பார் கெடைக்கும்" என்பான் ஆட்டோ ஓட்டும் புருஷன் பென்னி.

தொழிற்சாலையில், பண்டிகைக்கு முந்தின வேலை நாளில் ஆயுதபூஜை போடுவார்கள். இயந்திரங்களுக்குச் சந்தனம், குங்குமம். கேன்டீனில் அண்டா நிறையச் சர்க்கரைப் பொங்கல். அவள் அடுப்புக்கு வந்த முதல் வருடமே கேன்டீன் மேனேஜர் துரைராஜ் ஒரு விடுப்புச் சீட்டை நீட்டினார். காரணம் என்ற இடத்தில் 'மத நம்பிக்கை' என்று எழுதியிருந்தது. கையெழுத்து மட்டும் பாக்கி.

"நீ கிறிஸ்டியன்மா. சாமிப் பொங்கல் கிளறச் சொல்லி உன்னச் சங்கடப்படுத்தக் கூடாதுல்ல? லீவு எடுத்துக்க. சம்பளம் உண்டு."

இப்படியும் ஒரு மனுஷனா என்று அவளுக்கு மனம் இளகிவிட்டது. அந்தக் கிறிஸ்துமஸுக்கு அவருக்கென்று தனியாகக் கேக் வாங்கிப் போனாள். "சுகர்மா" என்று அதை மேசை மேலேயே விட்டுவிட்டு அவர் போனது அன்றைக்குப் பெரிதாகப் படவில்லை. எட்டு வருடம், எட்டுச் சீட்டு, எட்டுக் கையெழுத்து.

எட்டாவது வருடம், பூஜையன்று வீட்டில் துணி துவைத்துக்கொண்டிருந்தபோது கேன்டீன் வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம் வந்தது. குங்குமம் இட்ட அண்டா. நீளக் கரண்டியோடு பல் தெரியச் சிரித்தபடி ஜான்சி. காய் நறுக்கும் ஜான்சி. ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் இவளோடு ஒரே பாட்டுப் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டு பாடும் ஜான்சி.

விடுமுறை முடிந்து போன அன்று முதல் வேலையாகக் கேட்டாள். "இன்னாடி, உனக்கு மட்டும் மதம் இல்லியா?"

ஜான்சி கத்தரிக்காயைப் பார்த்தபடி சொன்னாள். "எப்பவும் கிளறுற அங்காளம்மாக்காவுக்கு ஜொரம். சார்தான் கூப்ட்டாரு. நானும் கிறிஸ்டியன் சார்னேன். 'நீ வேற, ஜோதி வேற. அவ வூடு எந்தப் பக்கம்னு எனக்குத் தெரியும்'னாரு."

துரைராஜும் மாடம்பாக்கத்துக்காரர்தான். அவர் குடும்பத்து வயல்களெல்லாம் அடுக்குமாடியாகி, அடுத்த வீட்டில் யார் இருக்கிறார்கள் என்பதே தெரியாத ஊராகிவிட்டது. ஞானஜோதி இருக்கும் காலனி எந்தப் பக்கம் என்பது மட்டும் அவருக்கு மறக்கவில்லை. ஜான்சி காலனிக்காரி இல்லை.

ஞானஜோதி அவரிடமே போய்க் கேட்டாள். மறுநாளே தட்டு கழுவும் இடத்துக்கு மாற்றிவிட்டார். வெந்நீர், சோப்பு நுரை, நானூறு எச்சில் தட்டு. அவளுடைய அடுப்பில் அங்காளம்மாள்.

மனிதவள அதிகாரி ஜெயஸ்ரீ கனிவாகத்தான் பேசினார். "இதுல சாதி எங்கம்மா வந்துச்சு? உங்க மதத்த மதிச்சு லீவு குடுத்திருக்காங்க. நீங்களும் எட்டு வருஷமா கையெழுத்துப் போட்டிருக்கீங்க."

போலீஸ் ஸ்டேஷனில் அவளுடைய சாதிச் சான்றிதழைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். "நீ கிறிஸ்டியன்மா. வன்கொடுமைச் சட்டம் எஸ்.சி.க்குத்தான். உனக்குச் செல்லாது, போ."

இந்த அநியாயத்தை எங்கே போய்ச் சொல்வது? கம்பெனியில் கேட்டால், இது சாதி இல்லை, மதம். ஸ்டேஷனில் கேட்டால், நீ வேறு மதம், உனக்குச் சாதி இல்லை. ஞானஸ்நானத் தண்ணீரில் கரைந்துபோயிற்று என்று சட்டம் நினைக்கிற ஒன்று, துரைராஜ் கண்ணுக்கு மட்டும் பளிச்சென்று தெரிகிறது.

தாம்பரம் கோர்ட்டில் வழக்காடும் கெசியாதான் வேறு வழி சொன்னார். 1955ஆம் வருடத்துக் குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டம். தீண்டாமையின் பேரில் ஒருவரை ஒரு வேலையிலிருந்து தடுத்தால் அதில் குற்றம். "உங்க சர்ட்டிபிகேட்ல இன்ன மதம்னு இருக்குங்கறது இதுல கேள்வி இல்லக்கா. அவர் என்ன செஞ்சாருங்கறதுதான் கேள்வி. ஆனா சாட்சி வேணும். ஜான்சி வருவாங்களா?"

ஜான்சி வரமாட்டேன் என்றாள். "ரெண்டு பொண்ண வச்சிகினு கீறேன் ஜோதி. இந்த வேலயும் பூட்ச்சுன்னா இன்னா பண்ணுவேன்?"

ஞானஜோதி வற்புறுத்தவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் பாட்டுப் புத்தகத்தைத் தன் பக்கமாகவே பிடித்துக்கொண்டாள், அவ்வளவுதான்.

இந்த வருடமும் பூஜை வந்தது. விடுப்புச் சீட்டை எதிர்பார்த்தாள். வரவில்லை. ஆரம்பத்தில் தட்டு கழுவிய நாலு வருடமும் வந்ததில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

பூஜையன்று, தொட்டிக்குள் கையை விட்டபடி, எல்லோர் காதிலும் விழச் சொன்னாள். "எச்சித் தட்டு கழுவுறப்ப நான் எந்த மதம்னு ஒருத்தரும் கேக்கல ஜான்சி. அடுப்பாண்ட போனாத்தான் எனக்கு மதம் வருது."

போன வருடப் பொங்கல் நன்றாக இருந்ததென்று இந்த வருடமும் ஜான்சியைத்தான் கிளறச் சொல்லியிருந்தார்கள். வெல்லம் போட்டாயிற்று. துரைராஜ் அவசரப்படுத்தினார்.

"ஜான்சி, வா, வந்து கிளறு."

ஜான்சி கத்தியைப் பலகையில் வைத்தாள். "எனக்கும் லீவு குடுங்க சார்."

"இன்னா லீவு?"

"மத நம்பிக்கை லீவு. ஜோதிக்குக் குடுத்தீங்களே. நானும் கிறிஸ்டியன்தான்."

"வெளையாடாத. அடி புடிக்குது பாரு."

"அப்ப ஜோதியக் கூப்டுங்க. அவ கிளறுனா அடி புடிக்காது."

துரைராஜ் திரும்பித் தொட்டிப் பக்கம் பார்த்தார். ஒரு வார்த்தை கூப்பிட்டிருந்தால் போதும். கூப்பிடவில்லை, தானே கரண்டியை எடுத்தார். நாலு சுற்றுக்குள் வெல்லம் கருகும் வாசனை வந்துவிட்டது. அண்டாப் பொங்கல் பாழாகிறதை அவரால் பொறுத்துக்கொள்ள முடிந்தது.

ஜான்சி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு தொட்டியருகே வந்தாள். "அந்த வக்கீலம்மா நம்பரக் குடு."

"கை ஈரமா கீது, இரு."

"நீ வாயால சொல்லு, நான் போட்டுக்கறேன்."

ஞானஜோதிக்கு அது மனப்பாடம். துரைராஜின் முதுகைப் பார்த்தபடி, ஒவ்வொரு எண்ணாக, நிறுத்தி நிறுத்திச் சொன்னாள்.