கும்பத்தடியில் ஒரு திரைக்கதை

லண்டன் லூயிஷாமில் எங்கள் மாடிக் கட்டடத்தின் கீழ்வீட்டில் சுவீடன் நாட்டுப் பெரியவர் ஒருவர் தனியாக இருக்கிறார். சினிமாவுக்குக் கதை எழுதுகிறவர். அவர் சொன்ன படங்களில் ஒன்றைக்கூட எங்கள் வீட்டில் யாரும் கேள்விப்பட்டதில்லை. நாற்பது வருடத்தில் ஏழு படமாம். அதில் நாலில் அவர் பெயரே வராதாம். மற்றவர்கள் எழுதியதைத் திருத்திக் கொடுத்த வேலை என்றார்.

"அப்ப வசனம் நீங்களோ?" என்று எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் கேட்டேன்.

"வசனத்தைக் குறைப்பதுதான் என் வேலை."

எழுதுகிறவருக்குக் குறைப்பது எப்படி வேலையாகும்? ஒன்பதாம் வகுப்போடு நின்றவள் நான். இன்றைக்கும் விளங்கவில்லை.

போன நவராத்திரியில், கண் சத்திரசிகிச்சைக்குப் போகுமுன் தன் புதுக் கதையின் தாள் கட்டைக் கொண்டுவந்து தந்தார். "நாளை மத்தியானம் சினிமாக் கம்பனியிலிருந்து ஒரு பெண் வருவாள், கொடுத்துவிடுங்கள். தட்டச்சில் அடித்தது, வேறு பிரதி இல்லை. இதுவும் சரிவராவிட்டால் இனி எழுதமாட்டேன்" என்றார்.

அன்று மாலை நவராத்திரிக்கு வைத்த கும்பத்தடியில் மகளின் புத்தகங்களை வைத்தபோது, அந்தக் கட்டையும் மேலே வைத்து, "தாயே, இந்த மனிசனையும் பார்" என்று கும்பிட்டேன். மறுநாள் சரஸ்வதி பூசை. பூசைக்கு வைத்த ஏட்டை விஜயதசமி காலைவரை தொடக்கூடாது. இது எனக்குத் தெரியாததா? தெரியும். அந்த நேரம் நினைவில் வரவில்லை, அவ்வளவுதான்.

சொன்னபடியே பெண் வந்தாள். "நாளைக்கு வாங்கோ" என்றேன். மாலையில் கூட்டம் இருக்கிறது, இன்றே வேண்டும் என்றாள். தொலைந்துவிட்டதா என்று கேட்டாள். இல்லை, அதோ இருக்கிறது என்று காட்டினேன். கும்பத்துத் தேங்காயையும் என்னையும் மாறிமாறிப் பார்த்தாள்.

"எடுத்துக் குடுமப்பா. சரஸ்வதி அம்மாள் என்ன கோர்ட்டுக்கே போகப் போறா?" என்றார் கணவர்.

"சும்மா இருங்கோ. பிள்ளைக்கும் பள்ளிக்கூடத்தில சோதனை வருது."

"அம்மா, என்னை ஏன் இதுக்குள்ள இழுக்கிறீங்கள்? அது அந்தத் தாத்தான்ர வேலை" என்றாள் மகள்.

கோயில் ஐயருக்குப் போன் அடித்தேன். பூசை நேரம், எடுக்கவில்லை. பெண் வாசலில் பத்து நிமிடம் நின்றாள். இரண்டு தரம் கையை நீட்டிக் கும்பத்தடிவரை போனேன். இரண்டு தரமும் கை கூசித் திரும்பிவிட்டது. அவள் போய்விட்டாள். வாக்குத் தவறியது பாவமா, ஏட்டைத் தொட்டிருந்தால் பாவமா என்று இரவு முழுக்கப் புரண்டு கிடந்தேன்.

விஜயதசமி காலை ஒரு கண்ணில் கட்டோடு அவர் வந்தார். எல்லாவற்றையும் சொன்னேன். எங்கே வைத்தீர்கள் என்று கேட்டார். காட்டினேன். மற்றக் கண்ணால் நெடுநேரம் பார்த்தார்.

"நான் எழுதியதை யாரும் தொடக்கூடாது என்று இதுவரை ஒருவரும் சொன்னதில்லை" என்றார்.

கோபமா பகிடியா, முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. தீபம் காட்டித் தாள் கட்டை எடுத்து அவர் கையில் கொடுத்தேன். அங்கேயே நின்று கம்பனிக்குப் போன் எடுத்தார். கூட்டத்தில் வேறு கதையை முடிவுசெய்துவிட்டார்களாம். "பரவாயில்லை" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார். அது எனக்குச் சொன்னதா அவர்களுக்குச் சொன்னதா என்றும் தெரியவில்லை.

பின்னேரம் கீழிருந்து தட்டச்சுச் சத்தம் கேட்டது. என்மேல் நகரசபைக் கவுன்சிலுக்கு முறைப்பாடு எழுதுகிறார் என்றார் கணவர். பயத்தோடு அவலும் கடலையும் கொண்டு போய்க் கதவைத் தட்டினேன். கிண்ணத்தை வாங்கினார்.

"பிறகு வாருங்கள். ஒரு காட்சியின் நடுவில் இருக்கிறேன்" என்று கதவைச் சாத்தினார்.

நன்றி சொல்வதா, மன்னிப்புக் கேட்பதா என்று தெரியாமல் படியேறி வந்தேன்.