அம்மாக்கண்ணுவுக்குக் கொடுத்த குரல்

தலவாக்கலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் கொழுந்து பறித்தவள் அம்மாக்கண்ணு. அவள் புருஷன் வீரய்யா, செல்லசாமியின் நாடகக் குழுவில் ஆர்மோனியம் வாசித்தான். பெண் வேஷங்களையும் ஆண்களே கட்டிய காலம். ஐம்பத்திரண்டாம் வருஷத் திருவிழாவில், ராணியாக வரவேண்டியவன் காய்ச்சலில் படுத்துவிட்டான். ஒத்திகையெல்லாம் வரிசை வீடுகளான லயத்தில் அவர்கள் குடியிருந்த காம்பராவில் நடந்ததால் அம்மாக்கண்ணுவுக்கு வசனம் முழுதும் மனப்பாடம்.

"நான் கட்டுறேங்க" என்றாள்.

செல்லசாமி வீரய்யாவைப் பார்த்தார்.

"நல்ல கொரலுங்கண்ணே" என்று மட்டும் சொன்னான் அவன்.

அன்று அவள் மேடையேறியதும் சில பெண்கள் முகத்தைச் சுளித்துக்கொண்டு எழுந்து போனார்கள். மறுவருஷம் அவர்களே பிள்ளைகுட்டிகளோடு முன்னால் இடம் பிடித்தார்கள். ராணி, பிச்சைக்காரி, தொண்டுகிழவி என்று எதைக் கொடுத்தாலும் கட்டினாள். மீசை வைத்துக் கங்காணியாக வந்து அதட்டியபோது, தோட்டத்துக் கங்காணியே வாய்விட்டுச் சிரித்துவிட்டார். அட்டன், கினிகத்தேனை என்று கூப்பிட்ட இடத்துக்கெல்லாம் குழு போயிற்று.

அறுபத்திரண்டில் கொழும்பிலிருந்து படமெடுக்க வந்தவர்கள், அவள் நாடகத்தைப் பார்த்துவிட்டு நடிக்கக் கூப்பிட்டார்கள். மண்சரிவில் மகனைப் பறிகொடுத்த தாய் வேஷம். "எம்புள்ளயக் குடுத்துருங்க சாமி" என்று அவள் மண்ணைப் பிறாண்டியபோது, படம் பிடித்தவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். அதே படத்தில் சந்தைக்காரியாகவும் நடிக்கவைத்தார்கள்.

படம் அட்டனுக்கு வந்ததும் லயமே லாரி பிடித்துப் போனது. திரையில் அம்மாக்கண்ணு மண்ணைப் பிறாண்டினாள். வாயைத் திறந்தாள்.

"என் மகனைத் திருப்பித் தாருங்கள், இறைவா!"

ரேடியோவில் பேசுகிற மாதிரி மெல்லிய, வழுவழுத்த குரல். சந்தைக்காரிக்கும் அதே குரல்தான்.

"ஒன் சுருதி இல்லியே, புள்ள" என்றான் வீரய்யா.

"இல்ல."

தோட்டத்துப் பேச்சு வெளியே எடுபடாதென்று கொழும்பில் வேறொருத்தியைப் பேசவைத்துவிட்டார்கள் என்று, பிறகு செல்லசாமி விசாரித்துவந்து சொன்னார். அவள் கேட்டுக்கொண்டாள். கோபம் வருமென்று பார்த்தாள், வரவில்லை. அழுகையும் வரவில்லை. பனி கொட்டும் காலையில் கொழுந்தைத் தொட்டும் தொட்டது தெரியாத விரல்போல இருந்தது உள்ளே. விடிந்ததும் வேலைக்குப் பேர் கொடுக்கும் பெரட்டுக்குப் போனாள். "சினிமாக்காரி வந்துட்டா" என்று கூடப் பறிப்பவர்கள் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள்.

அடுத்த திருவிழாவில் மறுபடி ராணி வேஷம். முதல் வசனம் முடிவதற்குள் கூட்டத்திலிருந்து கத்தினார்கள்.

"படத்துல பேசுன மாதிரி பேசுங்கக்கா!"

அம்மாக்கண்ணு அந்த வசனத்தையே மறுபடி எடுத்தாள். அந்தக் கொழும்புக் குரலில், அதன் வழுவழுப்பும் இழுப்பும் மாறாமல், அப்படியே பேசினாள். ஆர்மோனியத்தில் வீரய்யாவின் விரல்கள் தடுமாறின. பின் அந்தக் குரலின் சுருதியைத் தேடிப் பிடித்து வாசித்தான். கைதட்டல் ஓய வெகுநேரமாயிற்று.

"இனிமே இப்படியே பேசிரு, தங்கச்சி. சனத்துக்குப் புடிச்சிருக்கு" என்றார் செல்லசாமி.

"சரிங்கண்ணே" என்று அரிதாரத்தைத் துடைத்தாள்.

அறுபத்தைந்தில் குழு கலையும்வரை மேடையில் அப்படித்தான் பேசினாள். வீரய்யாவும் அந்தச் சுருதிக்கே வாசித்தான்.