கடைவாய்ப் பல்லும் விண்கலத்து அத்தையும்

அழ வேண்டிய இடத்தில் அழுது, சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்துவிட்டுப் போகிறவர்கள் பாக்கியசாலிகள். அந்த வரம் டோக்கனக்காவுக்கு வாய்க்கவில்லை.

பல் மருத்துவமனை ஒன்றின் முன்னறையில், வருகிறவர்களுக்கு எண் போட்ட பிளாஸ்டிக் வில்லையைக் கொடுத்து உட்கார வைப்பது அவள் வேலை. அதனால் வந்த பெயர் அது. கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வருகிற உலகத்தையே அவள் பார்த்திருக்கிறாள். ஆனால் அவள் மனசுக்குள் ஓடிக்கொண்டிருந்த உலகத்தை யார் பார்த்தார்கள்?

சிறுமியாக இருந்தபோதே அப்பாவை இழந்தவள் அவள். அப்பா ரேடியோ பழுது பார்ப்பவர். அவரைக் கூடத்தில் கிடத்தி, உறவெல்லாம் சுற்றி உட்கார்ந்து கதறிக்கொண்டிருந்த நேரத்தில், அவர் பாதியில் விட்டுப்போன ரேடியோ ஒன்று அலமாரியின் மேலிருந்து தானாகப் பாடத் தொடங்கியது. சோப்பு விளம்பரம். பெரியப்பா அலறிக்கொண்டு எழுந்து ஓடி, வாசலில் தடுக்கி, துக்கத்துக்கு வந்தவர்களின் செருப்புக் குவியல்மேல் குப்புற விழுந்தார். அம்மா கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். உள்ளே இருந்தது அழுகையா சிரிப்பா என்று கடைசிவரை யாருக்கும் தெரியவில்லை. சித்தப்பா மட்டும் ரேடியோவைத் திருப்பிப் பார்த்து, ஒரு கம்பி தளர்ந்து தொங்குகிறது, காற்றில் ஆடிப் பட்டுவிட்டது என்றார். பயம், சிரிப்பு, விஞ்ஞானம் மூன்றும் ஒரே நிமிடத்தில் அந்தப் பிஞ்சு நெஞ்சில் ஏறி உட்கார்ந்தன. பிறகு இறங்கவே இல்லை.

வளர்ந்து, கல்யாணமாகி, அவள் நாவல் எழுத ஆரம்பித்தபோது மூன்றும் சேர்ந்தேதான் வந்தன. பிரிக்க அவளுக்குத் தெரியவில்லை. முதல் பதிப்பாளர், பேய்க் கதையில் எதற்கம்மா ராக்கெட் என்று கேட்டார். இரண்டாமவர், ராக்கெட் இருக்கட்டும், பேயை எடுத்துவிடுங்கள் என்றார். மூன்றாமவர் கொஞ்சம் நல்லவர். முழுக்கப் படித்துவிட்டு, சிரிப்பு வந்ததால் பயம் போய்விட்டது, பயம் வந்ததால் சிரிப்பு போய்விட்டது, ஏதாவது ஒன்றை முடிவு செய்துகொண்டு வாருங்கள் என்று டீ கொடுத்து அனுப்பினார். வீட்டில் தையல்காரக் கணவர் மனைவி எழுதியதை என்றும் இகழ்ந்தவரில்லை. அவள் படித்துக்காட்ட உட்கார்ந்தால் மிஷினை நிறுத்திவிட்டுக் கையைக் கட்டிக்கொள்வார்.

“சிரிக்கணுமா பயப்படணுமா, முன்னாடியே சொல்லிடு. அதுக்குத் தக்கபடி மூஞ்சியை வெச்சுக்கறேன்.”

இதைவிட ஒரு எழுத்தாளரின் இதயத்தைக் கீறும் அன்பு உண்டா?

ஒருநாள் முன்னறையில் கிடந்த பழைய பத்திரிகைகளை அடுக்கிக்கொண்டிருந்தவளுக்கு ஒரு யோசனை தோன்றியது. இத்தனை பேர் வாயை மூடிக்கொண்டு, வேறு வேலை இல்லாமல், எதையாவது படித்தால் போதும் என்று உட்கார்ந்திருக்கிறார்கள். தன் நாவலின் முதல் அத்தியாயத்தை அச்செடுத்துப் பத்திரிகைகளின் நடுவே வைத்தாள். மேஜைக்குப் பின்னாலிருந்து முகங்களைப் பார்த்தாள். எந்த வரியில் தோள் குலுங்குகிறது, எந்த வரியில் கால் விரல் மடங்குகிறது என்று பார்த்து, குலுங்காத வரியை வீட்டுக்குப் போய் மாற்றினாள். பிறகு வாரத்துக்கு ஓர் அத்தியாயமாக வைத்தாள். அவளுக்குக் கிடைத்த வாசகர்கள் அவ்வளவுதான். எல்லோருக்கும் பல்வலி. ஆனாலும் வாசகர்கள்.

நாவல் இதுதான். ஒரு என்ஜினீயரை அவனுடைய அத்தை திட்டிக்கொண்டிருக்கிறாள். “டேய், உன்கிட்ட எத்தனை தடவைடா சொல்லியிருக்கேன், அந்த...” என்ற இடத்தில் அவள் உயிர் போய்விடுகிறது. அவன் துக்கத்தோடு விண்கலம் ஏறுகிறான். வாக்கியத்தை முடிக்காமல் அத்தைக்கு மோட்சமில்லை. பேயாகிப் பின்னாலேயே ஏறிவிடுகிறாள். ஆனால் மீதி வாக்கியம் அவளுக்கே மறந்துபோயிருக்கிறது. கலத்தில் மற்றவையெல்லாம் இயந்திர மனிதர்கள். அத்தை கூந்தலை விரித்துப் போட்டு அலறினால், அவை பணிவாக, “தங்கள் அலறலுக்குப் பத்துக்கு ஆறு மதிப்பெண். மேம்பட வாய்ப்புள்ளது” என்கின்றன. அத்தை மூலையில் உட்கார்ந்து அழுகிறாள். இப்படிப் போய்க்கொண்டிருக்கையில், கலத்தின் அடித்தளத்தில் பூட்டிய சரக்கறைக்குள்ளிருந்து ஒரு குரல் கேட்கிறது. அத்தையின் அதே குரல். “எத்தனை தடவைடா சொல்லியிருக்கேன்...” அத்தையோ மேலே, அவன் பக்கத்தில் நிற்கிறாள். பேயே நடுங்கி மருமகனின் கையைப் பிடித்துக்கொள்கிறது.

அந்த இடத்தில், கடைசியாக வைத்த அத்தியாயம் முடிந்திருந்தது. மேற்கொண்டு டோக்கனக்கா எழுதவில்லை. எழுத முடியவில்லை. அந்த மீதி வாக்கியம் என்னவென்று அவளுக்கே தெரியாது.

அந்த வாசகர்களில் ஒருவர் லாரி டிரைவர். தூண் மாதிரி கழுத்து, கைகாட்டி மரம் மாதிரி மீசை. மலைப்பாதையில் பிரேக் பிடிக்காத வண்டியை நிறுத்தியவர் என்று சொல்வார்கள். ஊசியைக் கண்டால் மட்டும் குழந்தை. கடைவாய்ப் பல்லில் சீழ் வைத்து வாரக்கணக்கில் அலைந்தார். ஒவ்வொரு தடவையும் தன் எண் நெருங்குகிற நேரத்தில் வண்டிக்கு லோடு வந்துவிட்டதாகச் சொல்லி எழுந்துவிடுவார். அதற்குள் அந்த வாரத்து அத்தியாயத்தை முழுக்கப் படித்திருப்பார்.

கதை அங்கே நின்றுபோயிருந்த நாளொன்றில் அவருக்குக் கன்னம் வீங்கி ஒரு கண்ணே மூடிக்கிடந்தது. மனைவி கையோடு இழுத்து வந்திருந்தாள். டாக்டர் வெளியே வந்து பார்த்தார். வீக்கம் கழுத்துக்கு இறங்கினால் உயிருக்கே ஆபத்து, இன்றைக்கு எடுத்தே ஆக வேண்டும் என்றார். டிரைவர் தலையை ஆட்டினார். நாற்காலியில் போய் உட்கார்ந்தார். வாயை மட்டும் திறக்கவில்லை.

டாக்டர் கெஞ்சினார், அதட்டினார். டிரைவர் பற்களைக் கடித்தபடி, உதட்டோரமாக ஒரே ஒரு விஷயம் சொன்னார்.

“அத்தை என்ன சொல்ல வந்தாங்கன்னு தெரியாம நான் வாயைத் திறக்க மாட்டேன் சார். ஒருவேளை மயக்கத்துலயே போய்ட்டேன்னா, அதுவும் தெரியாமல்ல போவேன்?”

டாக்டர் எந்த அத்தை என்று கேட்க, மனைவி வாசற்படியில் நின்றபடி எல்லாவற்றையும் போட்டு உடைத்தாள்.

“இவரு இத்தனை நாளும் பல்லுக்காக வரல டாக்டர். உங்க டோக்கனக்கா எழுதி மேஜையில வைக்கிற கதையைப் படிக்க வர்றாரு. வீட்டுல என்கிட்ட ஒரு வார்த்தை பேசறதில்ல. செத்துப்போன யாரோ ஒரு அத்தை என்ன பேசுவான்னு கேட்டுட்டு உட்கார்ந்திருக்காரு.”

விதி, கையுறை போட்டுக்கொண்டு டோக்கனக்காவின் பக்கம் திரும்பியது. இரண்டு மாதத்துக்கு முன் ஒரு அம்மாள் பாதிச் சிகிச்சையில் எழுந்து ஓடியதும், ஒரு வாலிபன் வாயில் கருவியோடு குலுங்கிச் சிரித்ததும் ஏன் என்று டாக்டருக்கு இப்போதுதான் விளங்கிற்று. அவர் குரலை உயர்த்தவில்லை.

“இங்க பாரும்மா. இன்னைக்கு இந்தப் பல்லு வெளியில வரணும். வரலைன்னா, மேஜைமேல இருக்கிற உங்க தாளெல்லாம் வெளியில போகும். இனிமே ஒரு தாளைக்கூட நான் இங்க பார்க்கக் கூடாது. உள்ள வந்து முடிவைச் சொல்லுங்க. ஆனா சிரிக்க வைக்காதீங்க, தாடை ஆடும். பயம் மட்டும் போதும். பயந்தவன் தன்னால வாயைப் பிளப்பான்.”

நான்காவது பதிப்பாளர்! டோக்கனக்காவின் நெஞ்சு விம்மியது. முடிவே இல்லாத கதைக்கு முடிவு சொல்ல வேண்டும். அதுவும் சிரிப்பை அறுத்துப் போட்டுவிட்டு. சொல்லாவிட்டால் அவளுக்கு இந்த உலகத்தில் இருக்கிற வாசகர்கள் அத்தனை பேரும் போய்விடுவார்கள். முன்னறையில் காத்திருந்தவர்களோ, முடிவு என்ற சொல் காதில் விழுந்ததும் வீங்கிய கன்னங்களோடு எழுந்து வந்து கதவோரம் அடைத்துக்கொண்டு நின்றார்கள்.

அவள் நாற்காலிக்குப் பக்கத்தில் நின்று, கண்ணை மூடிக்கொண்டு ஆரம்பித்தாள். என்ஜினீயர் விளக்கில்லாத படிகளில் இறங்குகிறான். கதவின் மறுபக்கத்தில் யாரோ நகத்தால் மெல்லச் சுரண்டுகிறார்கள். டிரைவரின் வாய் திறந்தது. டாக்டர் ஊசியை எடுத்தார். பூட்டு தானாகக் கழன்று விழுகிறது. கதவு ஒரு விரற்கடை அளவுக்கு விலகுகிறது. டக்கென்று டிரைவரின் வாய் மூடிக்கொண்டது. பற்கள் நறநறத்தன. ஒரு கை டாக்டரின் கோட்டைப் பற்றி இழுத்ததில் பொத்தான் தெறித்து ஓடியது.

டோக்கனக்காவால் அடக்க முடியவில்லை. என்ன ஆனாலும் ஆகட்டும் என்று, என்ஜினீயருக்குப் பின்னால் ஓர் இயந்திர மனிதனைக் கொண்டுவந்து நிறுத்தினாள். அது கதவின் இடுக்கில் தலையை நீட்டி, “சுரண்டலுக்குப் பத்துக்கு ஒன்பது. தயவுசெய்து மேலே நிற்கும் அம்மையாருக்கும் கற்றுத்தரவும்” என்றது. மேலிருந்து அத்தை, நான் செத்து எத்தனை வருஷம், இவன் வந்து என்னைப் பாடம் படிக்கச் சொல்றான் என்று கத்தினாள்.

டிரைவர் வயிறு குலுங்கச் சிரித்தார். மீசைக்குக் கீழே குகை மாதிரி வாய் திறந்தது. கோட்டைப் பிடித்த கை தளர்ந்து விழுந்தது. அந்தச் சிரிப்பின் கடைசி மூச்சில் டாக்டர் ஊசியைப் போட்டு எடுத்துவிட்டார். டிரைவருக்குத் தெரியவே இல்லை.

டாக்டர் டோக்கனக்காவை ஏறிட்டுப் பார்த்தார். அதற்குப் பிறகு ஒரு விரலைக் காட்டினார் என்றால் பயம், இரண்டு விரலைக் காட்டினார் என்றால் சிரிப்பு. ஒரு விரலுக்கு டிரைவர் சிலையாக உறைந்தார். இரண்டு விரலுக்கு உடம்பு தளர்ந்தார். தாடை மரத்துப்போகும்வரை கதை இப்படி மாறி மாறி ஓடியது. பிறகு பல் பிடுங்கும் குறடு உள்ளே போயிற்று. ஒரு விரல்.

சரக்கறையின் கதவு முழுக்கத் திறந்தது. உள்ளே யாருமில்லை. அவன் வீட்டிலிருந்து ஏற்றி வந்த பெட்டிகள் மட்டும். அவற்றின் நடுவே ஒரு பழைய டேப் ரெக்கார்டர், தானாக ஓடிக்கொண்டிருந்தது. அத்தை சாகிறதற்கு முதல் நாள் திட்டியது தவறிப்போய் அதில் பதிவாகியிருந்தது. முழு வாக்கியம். என்ஜினீயர் குனிந்தான். முன்னறையே மூச்சை அடக்கியது. டோக்கனக்காவின் வாயிலிருந்து, அவளுக்கே தெரியாமல், அது வந்து விழுந்தது.

“உன்கிட்ட எத்தனை தடவைடா சொல்லியிருக்கேன், அந்த அடுப்பை அணைச்சிட்டு வெளியில போடான்னு.”

என்ஜினீயர் மெதுவாகத் திரும்பி ஜன்னலைப் பார்த்தான். அவன் கிளம்பி ஏழு வருடம் ஆகியிருந்தது. வெகு தூரத்தில், இருட்டில், அவன் பிறந்த உலகம் சின்னதாக, சிவப்பாக எரிந்துகொண்டிருந்தது.

டாக்டர் பல்லைத் தட்டில் போட்ட சத்தம் கணீரென்று கேட்டது. முதலில் டிரைவர்தான் சிரித்தார், வாயில் பஞ்சோடு. பின்னாலேயே கதவோரத்துக் கூட்டம் முழுக்கச் சிரித்தது. ஓர் ஆசிரியை கண்ணைத் துடைத்துக்கொண்டாள். சிரிப்பு ஓய்ந்த இடத்தில் டிரைவரின் மனைவி கன்னத்தில் கை வைத்துக்கொண்டு நின்றாள்.

“ஏங்க... வரும்போது நான் அடுப்பை அணைச்சேனா?”

டிரைவர் பஞ்சுக்குள்ளிருந்து ஏதோ சொன்னார். யாருக்கும் புரியவில்லை. அவள் அதற்குள் படியிறங்கியிருந்தாள். பஞ்சும் ரத்தமுமாக அவரும் பின்னால் ஓடினார். ஆசிரியை தன் பையைத் தேடினாள். பால் வைத்துவிட்டு வந்த ஞாபகம் ஒருவருக்கு; வைத்தோமா இல்லையா என்றே ஞாபகமில்லை இன்னொருவருக்கு. சிரித்த முகம் சிரித்தபடியே வெளிறிப்போய், ஒவ்வொருவராக எண் வில்லையை மேஜைமேல் போட்டுவிட்டுக் கிளம்பினார்கள். சற்று நேரத்தில் முன்னறையில் நாற்காலிகள் மட்டும் இருந்தன.

டாக்டர் கையுறையைக் கழற்றிக்கொண்டே வெளியே வந்து, எல்லோரும் எங்கே என்று கேட்டார். டோக்கனக்கா சொன்னாள். பல் வந்துவிட்டது, ஆனால் நோயாளிகள் அத்தனை பேரும் போய்விட்டார்கள். அவர் வாயைத் திறந்தார். திட்டத்தான் திறந்திருக்க வேண்டும். திறந்த வாய் அப்படியே நின்றது. பிறகு சட்டைப் பையிலிருந்து போனை எடுத்து, சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டு, மெல்லிய குரலில் மனைவியிடம் ஒரு கேள்வி கேட்டார். பதில் வரும்வரை அவர் முதுகு விறைத்திருந்தது.

போனை வைத்துவிட்டு, பொத்தான் இல்லாத கோட்டை இழுத்து மூடிக்கொண்டார்.

“இதை எழுதி மேஜையில வைங்கம்மா. இப்ப சொன்ன மாதிரியே. எதையும் எடுத்துடாதீங்க.”

டோக்கனக்கா பேனாவைக் கையில் எடுத்தாள். கண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. எத்தனை வருடத் தவம்! முதல் வரியை எழுத வைத்த கை, தாளுக்குச் சற்று மேலே நின்றது. காலையில் கணவருக்குக் கஞ்சி வைத்தாள். அவர் குடித்துவிட்டுத் தையல் கடைக்குப் போனார். அவளும் கிளம்பிவிட்டாள். அதன் பிறகு?

அடுப்புக் கதையைப் பத்து நிமிடத்துக்கு முன்னால் தானே கற்பனை செய்தது என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும். தெரிந்து என்ன பயன்?

“டாக்டர், ஒரு அஞ்சு நிமிஷம். வீடு வரைக்கும் போய்ட்டு வந்துடறேன்.”

அவர் தலையை அசைத்தார். அவள் செருப்பை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்கி ஓடினாள். பாதி ஓட்டத்தில் சிரிப்பு வந்துவிட்டது. அப்போதும் அவள் நிற்கவில்லை.