லூர்துராணி ஒரு மேட்ச் ஜெயிக்க வேண்டும்

பொன்மலை ரயில்வே குவார்ட்டர்ஸில் என் அண்ணன் பிராங்க்ளின் வீட்டில் போன ஜூலையிலிருந்து ஒரே பேச்சுதான்: லூர்துராணியின் டீம் ஒரு மேட்ச்சாவது ஜெயிக்குமா?

லூர்துராணி அண்ணனின் ஒரே மகள். திருச்சியில் ஒரு பெண்கள் கல்லூரியில் பி.காம். இரண்டாம் வருஷம். ஸ்கூலில் கபடி டீமுக்கு ரெய்டு போனவள். கல்லூரிக்கு வந்து பார்த்தால் அவளைவிட வேகமான பெண்கள் வரிசையாக நின்றார்கள். முதல் வருஷம் முழுக்க பெஞ்சில் உட்கார்ந்து கை தட்டியதுதான் மிச்சம்.

அந்தச் சமயத்தில்தான் உடற்கல்வி ஆசிரியை ஆனந்தவள்ளி மிஸ் ஃபிளாக் ஃபுட்பாலைக் கொண்டுவந்தார். அமெரிக்கன் ஃபுட்பாலின் தங்கச்சி அது. அதே முட்டை வடிவப் பந்து, அதே தலைதெறிக்கிற ஓட்டம். முட்டித் தள்ளுவது மட்டும் கிடையாது. ஒவ்வொருத்தி இடுப்பிலும் இரண்டு பக்கம் துணிப்பட்டை தொங்கும். அதற்குப் பெயர் கொடி. பந்தோடு ஓடுகிறவளின் கொடியை உருவிவிட்டால் அவள் ஓட்டம் அங்கேயே முடிந்தது. சேர வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் கபடியில் இடம் கிடைக்காதவர்கள். லூர்துராணிக்கு ஆடும் ஐவரில் இடம் கிடைத்தது.

ஆனால் கல்லூரி ஒரு நிபந்தனை போட்டது. இந்த சீசனில் ஒரு மேட்ச்சாவது ஜெயித்தால் அடுத்த வருஷமும் டீம் இருக்கும். இல்லையென்றால் கலைத்துவிடுவார்கள். கலைத்தால் லூர்துராணி மறுபடியும் பெஞ்சுக்குத்தான் போக வேண்டும்.

கல்லூரி மைதானத்தை கோகோவும் கபடியும் பங்கு போட்டுக்கொண்டதால், ஸ்ரீரங்கத்தைத் தாண்டி கொள்ளிடத்து மணலில் பயிற்சி. விடியும் முன்பே கிளம்பி இரண்டு பஸ் மாறிப் போவாள். அமெரிக்காவில் நான் இருக்கும் ஹூஸ்டனிலிருந்து வாரம் தவறாமல் போன் போட்டு, "மணல்ல கணுக்கால் பிரண்டுடும்மா, பார்த்து ஓடு" என்பேன்.

"மணல்ல விழுந்தா வலிக்காது சித்தப்பா. நீங்க அங்க கார்ல பார்த்துப் போங்க" என்பாள்.

முதல் மேட்ச் தஞ்சாவூரில். பந்து எறிகிறவள் பாலக்கரை சம்ரீன். நல்ல கை. அவள் எறிந்த பந்தை லூர்துராணி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பறந்தாள். எதிரே ஆளில்லை. கடைசிக் கோட்டைத் தாண்டினால் ஆறு பாயிண்ட், கூடவே இன்னும் ஒரு பாயிண்ட் எடுக்க ஒரு வாய்ப்பு. கோட்டருகே போனவள் வலது காலை நீட்டி, கட்டைவிரலால் கோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு தொடு தொட்டாள். உடனே சடாரென்று திரும்பி, தன் பக்கத்துக்கே ஓடி வந்தாள்! துரத்தி வந்தவளுக்கே ஒரு நிமிஷம் புரியவில்லை. புரிந்ததும் கொடியை உருவிவிட்டாள்.

"ஏண்டி திரும்பி வந்தே?" சம்ரீன் தலையில் கை வைத்துக்கொண்டாள்.

"கோட்டைத் தொட்டுட்டேன்ல!"

"தொட்டுட்டு வீட்டுக்கு வர்றதுக்கு இது என்ன கபடியா? உன் கட்டைவிரல் போய் என்ன ஆகப்போகுது? பந்து போகணும்டி, பந்து!"

அந்த மேட்ச் போனது. கரூரில் எங்கள் பெண்கள் கபடிப் பழக்கத்தில் எதிராளியின் கொடியை விட்டுவிட்டு ஆளையே இடுப்போடு சேர்த்து அமுக்கி, ஃபவுல் மேல் ஃபவுல் வாங்கித் தோற்றார்கள். நாமக்கல்லில் ஒரே பாயிண்ட்டில் தோற்றார்கள். மிச்சம் இருந்தது ஒன்று. புதுக்கோட்டையோடு, திருச்சியிலேயே.

பொங்கல் லீவுக்கு வந்திருந்த நான் அண்ணனோடு போனேன். அவர் ஷிஃப்ட் முடிந்து ஒர்க்‌ஷாப் உடுப்போடு அப்படியே வந்திருந்தார்.

"என்னடா இது, ஃபுட்பால்னு சொல்லிட்டு ஒருத்தியும் காலால உதைக்கவே மாட்டேங்கிறா?"

"பேருதாண்ணே அப்படி."

"அமெரிக்காக்காரனுக்கு வேற பேரே கெடைக்கலையா?"

அதற்குள் ஆட்டம் தொடங்கியது. நான் எழுந்து நின்றுவிட்டேன். ஹூஸ்டனில் எழுபதாயிரம் பேர் கத்துகிற ஸ்டேடியத்தில்கூட உட்கார்ந்துதான் பார்த்திருக்கிறேன். லூர்துராணி பந்தோடு கோட்டைத் தாண்டி, அதற்கு அப்பால் வேலி வரைக்கும் ஓடிவிட்டுத்தான் நின்றாள். மிஸ் எழுந்து குதித்தார். புதுக்கோட்டை விடவில்லை. ஏறி, இறங்கி, கடைசியில் நாங்கள் பதின்மூன்று, அவர்கள் பன்னிரண்டு. இன்னும் ஒரே ஒரு ஓட்டத்துக்குத்தான் நேரம் பாக்கி, பந்து அவர்கள் கையில்.

அவர்களுடைய ஏழாம் நம்பர் பெண் பந்தை வாங்கினாள். மின்னல். சம்ரீன் பாய்ந்தாள், கை காற்றைத்தான் பிடித்தது. இன்னொருத்தி சறுக்கி விழுந்தாள். கோட்டுக்கு முன்னால் மூலையில் லூர்துராணி மட்டும் நின்றாள்.

"போய்ப் புடி! போடி!" அண்ணன் தொண்டை கிழியக் கத்தினார்.

அவள் நகரவில்லை. மிஸ் கத்தினார், சம்ரீன் கத்தினாள். முழங்காலை லேசாக மடித்து, இரண்டு கையையும் விரித்து, சிலை மாதிரி நின்றாள். ரெய்டு போன நாட்களில் அவளை அதிகம் பிடித்தவர்கள் துரத்தியவர்கள் அல்ல. மூலையில் அசையாமல் காத்திருந்தவர்கள். ஏழாம் நம்பருக்கு எந்தப் பக்கம் ஒதுங்குவது என்று தெரியவில்லை. இடது பக்கம் போக்கு காட்டினாள். லூர்துராணி அசையவில்லை. வலது பக்கம் சாய்ந்தாள். அந்த ஒரு சாய்வுதான்! சரக்கென்று ஒரு சத்தம், கொடி லூர்துராணி கையில்.

விசில்.

நடுவர் ஓடிவந்து, கோட்டுக்கு ஓரடி முன்னால் காலை ஊன்றி நின்றார். பந்து தாண்டவில்லை.

அப்புறம் நடந்ததை வரிசையாகச் சொல்ல என்னால் முடியாது. அண்ணன் வேலியைத் தாண்டி உள்ளே குதித்தது ஞாபகம் இருக்கிறது. சம்ரீனும் மிஸ்ஸும் கட்டிப் பிடித்துக்கொண்டார்கள். லூர்துராணி உருவிய கொடியைத் தலைக்கு மேல் சுழற்றிக்கொண்டு மைதானத்தைச் சுற்றிச் சுற்றி ஓடினாள். அவள் பின்னாலேயே புதுக்கோட்டை ஏழாம் நம்பர் மூச்சு வாங்க வந்துகொண்டிருந்தாள்.

"அக்கா... அக்கா, கொடியக் குடுங்க. எண்ணி ஒப்படைக்கணும், எங்க சார் திட்டுவாரு."

லூர்துராணி நின்றாள். கொடியைத் தட்டி, மடித்து அவள் கையில் வைத்தாள்.

"அடுத்த வருஷமும் வாங்க" என்றாள். "எங்க டீம் இருக்கும்."