வெட்டுவதற்கென்றே எழுதிய காட்சி

இருவரும் புலம்பெயர்ந்து வந்த நகரின் கோட்-டெ-நெய்ஜ் பகுதி மருத்துவமனை ஒன்றில் என்னோடு தரை துடைத்த செர்பியர், தன் நாட்டில் ஆட்சியைச் சாடும் படங்களுக்குத் திரைக்கதை எழுதியவர். நான் "அண்ணை" என்றால் திரும்பிப் பார்ப்பார். தணிக்கைக்காரர்கள் வெட்டட்டும் என்றே ஒவ்வொரு கதையிலும் ஒரு மட்டமான காட்சியைச் செருகுவாராம், மற்றவை தப்பிவிடுமாம். இங்கே எழுதிய முதல் கதையிலும் கைப்பழக்கத்தில் அமைச்சரைப் பன்றியோடு நடனமாட விட்டிருந்தார். தயாரிப்பாளரான அம்மையாருக்கு அந்தப் பன்றி மட்டுமே பிடித்ததாம். மற்றதையெல்லாம் எடுத்துவிட்டால் படமெடுப்பாராம்.

"வெட்ட ஆளில்லாத நாட்டிலை நான் எப்பிடி எழுதுறது?" என்றார், எங்கள் அரைகுறைப் பிரெஞ்சில்.

"பன்றிக்கு வேலை கிடைச்சிட்டுது, அண்ணை. உங்களுக்குத்தான் இல்லை," என்றேன்.

சிரித்தார். பிறகு, "அந்தத் தயாரிப்பாளருக்கு ஓமெண்டு சொல்லவோ?" என்று கேட்டார். துடைத்து முடித்த தாழ்வாரத்தையே இருவரும் மறுபடி துடைத்தோம்.